ஓர் ஊரை எப்படிப் படம் எடுப்பது? ஃபிரெடரிக் வைஸ்மனின் வழி

(எபிசோடின் எழுத்து வடிவம். வாசிப்பதற்கு வசதியாகக் கொஞ்சம் சுருக்கித் திருத்தியிருக்கிறோம்.)

ஒரு கேள்வியோட ஆரம்பிக்கலாம். உங்க ஏரியாவைப் பத்தி பத்து நிமிஷத்துக்கு ஒரு படம் எடுக்கணும்னா முதல் ஷாட் என்ன வைப்பீங்க?

பாதிப் பேர் ட்ரோன்னு சொல்லியிருப்பீங்க. மேலேயிருந்து கோபுரம், ஃப்ளைஓவர், மொட்டை மாடிகள். அப்புறம் கீழே இறங்கி, டீ ஆத்துற கை ஸ்லோ மோஷனில். பூக்காரம்மா சிரிப்பு. பின்னணியில் ஒரு புல்லாங்குழல். கடைசியில் ஒரு தாத்தாவை உட்கார வச்சு, "அந்தக் காலத்துல இங்க எல்லாம் வயல்தான் தம்பி"ன்னு ஒரு பேட்டி. பார்க்க நல்லாத்தான் இருக்கும். நானும் லைக் போடுவேன். ஆனா அந்த வீடியோ முடிஞ்சதும் அந்த ஏரியாவைப் பத்தி என்ன தெரிஞ்சிருக்கும்? அங்கே யார் சொல்வதை யார் கேட்கிறார்கள், வாடகை ஏறினால் எந்தக் கடை முதலில் காலியாகும், ஒரு கையெழுத்து வாங்க ஒருத்தர் எத்தனை ஜன்னலுக்கு அலைய வேண்டும் என்பதெல்லாம் தெரியாது. இடம் அழகாகத் தெரியும். அங்கே வாழ்வது எப்படி இருக்கும் என்பது தெரியாது.

இந்த இரண்டாவது விஷயத்தை மட்டுமே வாழ்நாள் முழுக்கப் படமாக எடுத்த ஒருத்தரைப் பத்தித்தான் இந்த எபிசோட். அமெரிக்க ஆவணப்பட இயக்குநர் ஃபிரெடரிக் வைஸ்மன். 1930ல் பாஸ்டனில் பிறந்தவர். 1967ல் முதல் ஆவணப்படம். அதிலிருந்து 2023ல் வந்த ஒரு பிரெஞ்சு உணவகம் பற்றிய படம் வரை நாற்பதுக்கும் மேல் எடுத்தார். மனநலச் சிறை, பள்ளிக்கூடம், போலீஸ், ஆஸ்பத்திரி, இறைச்சித் தொழிற்சாலை, மிருகக்காட்சி சாலை, அடுக்குமாடிக் குடியிருப்பு, பல்கலைக்கழகம், நூலகம், நகராட்சி... பட்டியலைப் பார்த்தாலே ஒரு நாட்டின் வரைபடம் மாதிரி இருக்கும். படங்களின் பெயர்களும் அப்படித்தான். 'ஹை ஸ்கூல்', 'ஹாஸ்பிடல்', 'வெல்ஃபேர்', 'மீட்', 'ஸூ', 'சிட்டி ஹால்'. வாசலில் தொங்கும் பெயர்ப்பலகையை அப்படியே எடுத்து டைட்டிலாகப் போட்டது மாதிரி!

குரல் இல்லை, பேட்டி இல்லை

இவர் படத்தில் என்னவெல்லாம் இருக்காது என்று முதலில் சொல்லிவிடுகிறேன். பின்னணிக் குரல் இருக்காது. கேமராவைப் பார்த்துப் பேசும் பேட்டி இருக்காது. பேசுபவர் யார், என்ன பதவி என்று கீழே எழுத்து வராது. பின்னணி இசை இருக்காது. அந்த இடத்தில் யாராவது பாடினால், ரேடியோ ஓடினால் அதுதான் இசை. வருஷம், புள்ளிவிவரம், வரலாறு எதுவும் சொல்லப்படாது. படம் தொடங்கும்போது நீங்கள் ஒரு இடத்துக்குள் நுழைகிறீர்கள். யாரும் கூட்டிக்கொண்டு போய்க் காட்டமாட்டார்கள். புது ஆபீஸில் முதல் நாள் மாதிரி, யார் மேனேஜர், யாரிடம் வம்பு வச்சுக்கக் கூடாது என்பதெல்லாம் நீங்களேதான் பார்த்துக் கண்டுபிடிக்கணும்.

இப்படி எடுக்க முடிந்ததற்கு ஒரு தொழில்நுட்பக் காரணமும் உண்டு. 1950கள் வரை வெளியிடங்களில் படத்தையும் ஒலியையும் சேர்ந்தாற்போல் பதிவுசெய்வது பெரிய வேலை. கனமான கருவிகள், விளக்குகள், ஒரு படையே வேண்டும். 1960 வாக்கில் தோளில் வைக்கிற 16 மில்லிமீட்டர் கேமராவும், தோளில் மாட்டிக்கொள்கிற நாக்ரா டேப் ரெக்கார்டரும் ஒன்றுக்கொன்று ஒத்து ஓட ஆரம்பித்தன. ராபர்ட் ட்ரூ, ரிச்சர்ட் லீகாக், பென்னிபேக்கர் எல்லாரும் கென்னடியின் தேர்தல் பிரசாரத்துக்குப் பின்னாலேயே ஓடி 'பிரைமரி' என்ற படத்தை எடுத்தது அந்த 1960ல்தான். அதே காலத்தில் பிரான்ஸில் ஜான் ரூஷ் வேறு பாதையில் போனார். அவர் தெருவில் போகிறவர்களிடம் மைக்கை நீட்டிக் கேள்வி கேட்டார், தானும் படத்துக்குள் வந்தார்.

இந்த அலையில் கொஞ்சம் தாமதமாக வந்தவர் வைஸ்மன். ஆனால் ஒரு வித்தியாசம் உண்டு. மற்றவர்கள் பெரும்பாலும் ஒரு மனிதரைப் பின்தொடர்ந்தார்கள்; ஒரு வேட்பாளர், ஒரு பாடகர். வைஸ்மன் படங்களில் நாயகன் கிடையாது. ஒரு ஆள் பத்து நிமிஷம் வருவார், நமக்கு அவரைப் பிடித்துப்போகும், அப்புறம் படம் முடியும்வரை அவர் திரும்ப வரவே மாட்டார். முதல் தடவை பார்க்கும்போது இது கடுப்பாக இருக்கும். நான் பொய் சொல்ல விரும்பவில்லை. ஆனா ஒரு மணி நேரம் கழிச்சு ஒன்று புரியும். ஆட்கள் மாறிக்கொண்டே இருக்கிறார்கள், மேசை மாறவில்லை. மேசைக்கு இந்தப் பக்கம் உட்காருகிறவர், அந்தப் பக்கம் நிற்கிறவர், நடுவில் இருக்கும் ஒரு படிவம். கதை அதுதான்.

அவர் சட்டம் படித்தவர் என்பது இங்கே முக்கியம்னு நினைக்கிறேன். யேல் பல்கலைக்கழகத்தில் சட்டம் முடித்து, பாஸ்டன் பல்கலைக்கழகத்தில் சட்டம் சொல்லிக்கொடுத்தார். மாணவர்களை வகுப்பறையில் வைத்துத் தீர்ப்புகளைப் படிக்கச் சொன்னதோடு விடவில்லை. தண்டனை பெற்றவர்கள் எங்கே போய்ச் சேருகிறார்கள் என்று பார்க்கக் கூட்டிக்கொண்டு போனார். அப்படிப் போன இடங்களில் ஒன்று, மாசசூசெட்ஸ் மாநிலத்தில் பிரிட்ஜ்வாட்டர் என்ற ஊரில் இருந்த, குற்றம் சாட்டப்பட்ட மனநோயாளிகளுக்கான அரசு மருத்துவமனை. அதுதான் முதல் படமாக ஆனது. அதற்குப் பிறகு வருகிறேன், அது ஒரு பெரிய வழக்கு.

மூன்று பேர், ஒரு மைக்

வைஸ்மன் கேமராவைத் தொடமாட்டார். அவர் கையில் இருந்தது மைக். ஒலிப்பதிவு அவர், ஒளிப்பதிவுக்கு ஒருவர், உதவிக்கு ஒருவர். மொத்தம் மூன்றே பேர். இயக்குநர் ஏன் ஒலியைப் பிடிக்கணும்? யோசிச்சுப் பார்த்தா ரொம்பப் புத்திசாலித்தனமான ஏற்பாடு. கேமரா வழியாகப் பார்க்கிறவருக்குச் சட்டத்துக்குள் இருப்பது மட்டும்தான் தெரியும். மைக் பிடிக்கிறவரின் இரண்டு கண்ணும் வெளியே இருக்கிறது. பக்கத்து மேசையில் குரல் உயருவதை அவர்தான் முதலில் கேட்பார். மைக்கைத் திருப்பினால், ஒரு சைகை காட்டினால், கேமரா அந்தப் பக்கம் போகும்.

படப்பிடிப்புக்கு முன்னால் ஆராய்ச்சி கிடையாது. இடத்தை ஓரிரு நாள் சுற்றிப் பார்ப்பார், அனுமதி வாங்குவார், அவ்வளவுதான். படம் எடுப்பதுதான் ஆராய்ச்சி என்பது அவர் திரும்பத் திரும்பச் சொன்ன விஷயம். 4 முதல் 12 வாரம் வரை அங்கேயே இருப்பார். காலையில் முதல் ஆள் வருவதற்கு முன்னால் போய், கடைசி ஆள் போனபிறகு கிளம்புவது. 100 மணி நேரத்துக்கும் மேல் பதிவு சேரும். ஃபிலிமில் எடுத்த காலத்தில் ஒரு ரோல் சுமார் 11 நிமிஷம்தான் ஓடும். எதை எடுப்பது, எப்போது நிறுத்துவது என்பதை அந்த நொடியிலேயே முடிவு செய்தாக வேண்டும். ஒருத்தர் பேச ஆரம்பிக்கும்போது அது சுவாரசியமாகப் போகுமா என்று யாருக்குத் தெரியும்? சூதாட்டம்தான்.

சரி, உடனே எல்லாருக்கும் வருகிற சந்தேகம். கேமரா இருந்தா மனுஷங்க நடிக்க மாட்டாங்களா? நம்ம ஊர்க் கல்யாண வீடியோவை நினைச்சுப் பாருங்க. விளக்கு திரும்பினதும் சாப்பிட்டுக்கிட்டிருந்த மாமா வாயை மூடி, சட்டையைச் சரி பண்ணி, விறைப்பா உட்காருவார். வைஸ்மனின் பதில் வேடிக்கையாக இருக்கும்: பெரும்பாலானவர்களுக்கு அவ்வளவு நல்லா நடிக்க வராது, வந்திருந்தா ஹாலிவுட்டுக்கு ஆள் பஞ்சமே இருந்திருக்காது என்பார். கேமராவுக்காக ஒருத்தர் போலியாக நடந்துகொண்டால், பத்து வாரம் அங்கேயே இருக்கிறவருக்கு அது தெரிந்துவிடும். அந்தத் துண்டை அவர் பயன்படுத்த மாட்டார்.

எனக்கு இந்தப் பதிலில் முழுத் திருப்தி இல்லை. அதிகாரத்தில் இருப்பவர்கள் கேமரா முன்னால் கொஞ்சமாவது ஜாக்கிரதையாக இருப்பார்கள் என்றுதான் தோன்றுகிறது. ஆனால் அவருடைய படங்களில் அதிர்ச்சியான காட்சிகள் பலவும், தாங்கள் செய்வது சரி என்று நம்பியவர்கள் செய்தவை. சரி என்று நம்புகிறவர் எதற்கு மறைக்கப் போகிறார்? 1968ல் வந்த 'ஹை ஸ்கூல்' பாருங்க. ஃபிலடெல்ஃபியாவில் ஒரு நல்ல பெயர் உள்ள பள்ளி. அநியாயமாகத் தண்டனை கிடைத்தது என்று சொல்லும் பையனிடம், பேசாமல் ஏற்றுக்கொண்டு ஆம்பளைன்னு காட்டு என்கிறார் ஆசிரியர். அவருக்கு அது நல்ல அறிவுரை. கடைசிக் காட்சியில், வியட்நாம் போருக்குப் போகிற முன்னாள் மாணவன் எழுதிய கடிதத்தை பள்ளியின் முதல்வர் உருக்கமாகப் படிக்கிறார். தான் வேலை செய்கிற ஓர் உடம்பு மட்டும்தான் என்ற பொருளில் அவன் எழுதியிருக்கிறான். இப்படி ஒரு கடிதம் வந்தால் நம் பள்ளி வெற்றி பெற்றிருக்கிறது என்று பெருமையாக முடிக்கிறார். படமும் அங்கேயே முடிகிறது.

பார்க்கிற நமக்கு வயிற்றைப் பிசையும். ஆனால் எல்லாருக்கும் அப்படி இல்லை. பாஸ்டனில் அந்தப் படத்தைப் பார்த்த, பழமைவாதியான ஒரு பள்ளிக் குழு உறுப்பினர், நம் ஊரில் இப்படி ஒரு பள்ளி இல்லையே என்று ஆசைப்பட்டதாக வைஸ்மனே சொல்லியிருக்கிறார். படம் தோற்றுவிட்டது என்று அவர் இதை எடுத்துக்கொள்ளவில்லை. இரண்டு பேரும் ஒரே இடத்தைத்தான் பார்த்தார்கள். வேறு வேறு நம்பிக்கையோடு பார்த்தார்கள்.

வெட்டும் மேசையில்தான் ஊர் உருவாகிறது

இந்த மாதிரிப் படங்களை 'சுவரில் உட்கார்ந்திருக்கும் ஈயைப் போல' எடுத்தவை என்று ஆங்கிலத்தில் சொல்வது வழக்கம். வைஸ்மனுக்கு அது சுத்தமாகப் பிடிக்காது. ஈக்குச் சிந்தனை எதுவும் கிடையாது, எனக்குக் கொஞ்சமாவது உண்டு என்று நம்புகிறேன் என்பார். தன் படங்களை அவர் 'நிஜப் புனைவு' என்றே ஒரு காலத்தில் அழைத்தார். நடந்ததெல்லாம் நிஜம், அதை எந்த வரிசையில் வைப்பது என்பது அவருடைய கற்பனை.

அதனால் அவருடைய உண்மையான வேலை எடிட்டிங்கில்தான் ஆரம்பித்தது. தானே எடிட் செய்வார். முதலில் ஆறேழு வாரம், எடுத்த எல்லாவற்றையும் உட்கார்ந்து பார்ப்பது. பார்க்கும்போதே உணவகங்களுக்கு மிஷெலின் கையேடு கொடுப்பது மாதிரி ஒரு ஸ்டார், இரண்டு ஸ்டார், மூன்று ஸ்டார் என்று மதிப்பெண். அப்புறம் ஆறேழு மாதம், தேறும் காட்சிகளைத் தனித்தனியாகச் செதுக்குவது. ஒரு மணி நேரம் நடந்த மீட்டிங் ஏழு நிமிஷமாக வேண்டும். ஆனால் பார்ப்பவருக்கு அது இடையில் வெட்டப்பட்டதாகத் தோன்றக் கூடாது. இவ்வளவும் முடிந்தபிறகுதான் வரிசை. முதல் வரிசையை மூன்று நான்கு நாளில் சேர்த்துவிடுவார். ஏன்னா அதற்குள் எல்லாம் மனசில் ஊறியிருக்கும். பிறகு மறுபடி 100 மணி நேரத்தையும் ஒரு தடவை ஓட்டிப் பார்ப்பார், விட்டுப்போன நல்ல துண்டு ஏதாவது இருக்கா என்று. ஒவ்வொரு ஷாட்டும் ஏன் அங்கே இருக்கிறது என்று தனக்குத் தானே வார்த்தையில் விளக்க முடியணும் என்பது அவர் வைத்துக்கொண்ட விதி.

இதற்கு நல்ல உதாரணம் 2015ல் வந்த 'இன் ஜாக்சன் ஹைட்ஸ்'. நியூயார்க்கில் குவீன்ஸ் பகுதியில் உள்ள ஒரு குடியிருப்பு. 167 மொழிகள் பேசப்படும் இடம் என்று படத்தில் அந்தப் பகுதியின் கவுன்சிலரே சொல்வார். லத்தீன் அமெரிக்காவிலிருந்து வந்தவர்கள், இந்தியர்கள், வங்கதேசத்தினர், திபெத்தியர்கள், பழைய யூதக் குடும்பங்கள், நகரத்தின் பெரிய ஓரினச் சேர்க்கையாளர் சமூகங்களில் ஒன்று. தலைக்கு மேலே 7ம் எண் ரயில் ஓடும் ரூஸ்வெல்ட் அவென்யூ.

நம்மில் யாராவது எடுத்திருந்தா 'எவ்வளவு வண்ணமயமான கலாசாரக் கலவை!'ன்னு ஒரு வரியில் முடிஞ்சிருக்கும். வைஸ்மன் மூன்று மணி நேரத்துக்கும் மேல் எடுத்துக்கொள்கிறார். அதில் பெரும்பகுதி கூட்டங்கள். ஆமாங்க, பிளாஸ்டிக் நாற்காலி போட்டு உட்கார்ந்து பேசும் கூட்டங்கள். எல்லை தாண்டி வந்த கதையை ஒரு பெண் ஸ்பானிஷில் சொல்ல, மற்றவர்கள் அமைதியாகக் கேட்கிறார்கள். கேமரா அவசரப்படுவதில்லை. டாக்ஸி லைசென்ஸ் தேர்வுக்குத் தயார்செய்யும் ஒரு வகுப்பு. சிரிக்க வைத்தபடியே பாடம் நடத்தும் ஆசிரியர். தனக்குப் பேச்சுத்துணைக்கு ஆள் இல்லை என்று சொல்லும் 98 வயதுப் பாட்டி. ஹலால் கடையில் கோழி அறுப்பது. புருவம் திருத்துவது. இதற்கு நடுவில், கொஞ்சம் கொஞ்சமாக, ஒரு விஷயம் திரும்பத் திரும்ப வருகிறது. சின்னக் கடைக்காரர்கள் பயப்படுகிறார்கள். பெரிய கடைகள் வரப்போகின்றன, குத்தகையைப் புதுப்பிக்க மாட்டோம் என்கிறார்கள். அந்தப் பகுதியை 'மேம்படுத்த' ஒரு திட்டம் வருகிறது. அதற்கு எதிராக ஓர் இளைஞர் கடை கடையாக ஏறிப் பேசுகிறார்.

படம் தொடங்கும்போது பார்த்த பழக்கடைகள், துணிக்கடைகள், தெருமுனைகள் எல்லாம் வெறும் இடைவெளி ஷாட்டுகளாகத்தான் தெரிந்தன. இந்தக் கூட்டத்துக்குப் பிறகு அதே மாதிரி ஒரு கடைமுகப்பு திரையில் வரும்போது, 'இது எவ்வளவு நாள் இருக்கும்?' என்று மனசு கேட்கிறது. யாரும் சொல்லிக்கொடுக்கவில்லை, வரிசை சொல்லிக்கொடுத்தது. ஓர் அழகான தெரு ஷாட்டை எங்கே வைக்கிறோம் என்பதில் எவ்வளவு இருக்கு பாருங்க.

இந்த இடைவெளி ஷாட்டுகள் அவருடைய முத்திரை. ஒரு காட்சி முடிந்ததும் தாழ்வாரம், படிக்கட்டு, சிக்னல், வானம், ஒரு போர்டு. நமக்கு மூச்சுவிட நேரம். அடுத்த இடத்துக்கு நடந்து போகும் உணர்வு. சில சமயம் நக்கலும் இருக்கும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது 1999ல் வந்த 'பெல்ஃபாஸ்ட், மேய்ன்'. அமெரிக்காவின் வடகிழக்கு மூலையில் ஒரு சின்னத் துறைமுக ஊர். நாலு மணி நேரம். விடியலில் சிங்கிறால் பிடிக்கிற படகில் ஆரம்பிக்கும். அப்புறம் ஒரு மத்தி மீன் தொழிற்சாலைக் காட்சி வருகிறது. வரிசையாக நிற்கும் பெண்கள், கையில் கத்தரிக்கோல், மீனின் தலையையும் வாலையும் நறுக்கி நறுக்கி டப்பாவில் அடுக்குகிறார்கள். பேச்சே கிடையாது, இயந்திரச் சத்தம் மட்டும். சின்னச் சின்ன ஷாட்டுகளாக வெட்டிப் போகிறது. அழகாக இருக்கிறது, அப்புறம் அலுக்கிறது, அப்புறம் தோள் வலிக்கிற மாதிரி இருக்கிறது. அந்த மூன்றாவது உணர்வு வருவதற்கு அவ்வளவு நேரம் தேவைப்படுகிறது. நாற்பது செகண்ட் ரீலில் முதல் உணர்வோடு நின்றுவிடும். அதே படத்தில் ஓர் ஆசிரியர் வகுப்பில் 'மோபி டிக்' நாவலைப் பற்றிப் பேசுகிறார். சாதாரண மீனவர்களையும் பெரும் துன்பியல் நாயகர்களாக எழுதலாம் என்கிறார். மீன் நறுக்கிய கைகளை நாம் ஏற்கெனவே பார்த்துவிட்டோம். இரண்டையும் வைஸ்மன் எந்த வார்த்தையாலும் இணைக்கவில்லை. படம் வந்த சில வருஷங்களில் அந்தத் தொழிற்சாலை மூடப்பட்டது. இப்போது அந்த வேலை எப்படி இருந்தது என்று பார்க்க அந்தக் காட்சி இருக்கிறது.

2018ல் வந்த 'மன்ரோவியா, இண்டியானா'வையும் சொல்லணும், ஏன்னா இங்கே எனக்கு ஒரு மனத்தாங்கல் உண்டு. ஆயிரத்துச் சொச்சம் பேர் வாழும் கிராமப்புற ஊர், டிரம்ப்புக்கு ஓட்டுப் போட்ட பகுதி. தேர்தலுக்குப் பிறகு போய் எடுத்தார், ஆனால் அரசியல் பேச்சே கிட்டத்தட்ட வருவதில்லை. லயன்ஸ் கிளப்பில் நூலகத்துக்கு ஒரு பெஞ்ச் வாங்கித் தருவது பற்றி நீண்ட விவாதம், பன்றிகள், சோளக்காடு, முடிவெட்டும் கடை, கடைசியில் ஒரு சவ அடக்கம். சிலருக்கு இது நேர்மை. ஊர் தன்னைப் பற்றி என்ன பேசிக்கொள்கிறதோ அதுதான் படம். எனக்கு இந்த முறையின் எல்லையும் இங்கே தெரிகிறது. ஒரு ஊர் எதைப் பேசாமல் இருக்கிறதோ அதைக் கவனிப்பால் மட்டும் வெளியே கொண்டுவர முடியாது. யாராவது ஒருத்தர் கேள்வி கேட்டாகணும். இவர் கேட்க மாட்டார்.

முதல் படத்தின் வழக்கு

இப்போ பிரிட்ஜ்வாட்டருக்கு வருவோம். 1966ல் அந்த மருத்துவமனையின் கண்காணிப்பாளரிடமும் மேலதிகாரிகளிடமும் அனுமதி வாங்கி, ஜான் மார்ஷல் கேமராவோடு 29 நாள் எடுத்தார். 1967ல் 'டிட்டிகட் ஃபாலீஸ்' வெளிவந்தது. பெயர், காவலர்களும் நோயாளிகளும் சேர்ந்து நடத்திய ஒரு கலைநிகழ்ச்சியின் பெயர். படம் அந்த மேடையில் ஆரம்பித்து அந்த மேடையில் முடிகிறது. நடுவில் வெற்று அறைகளில் நிர்வாணமாக அடைக்கப்பட்ட மனிதர்கள். ஒரு கைதியைச் சீண்டிச் சீண்டி ஒரே கேள்வியைக் கேட்கும் காவலர்கள். சாப்பிட மறுக்கும் ஒருவருக்கு மூக்கு வழியாகக் குழாய் செருகி உணவு ஊற்றுகிறார்கள். ஊற்றும் டாக்டரின் வாயில் சிகரெட், அதன் சாம்பல் புனலுக்கு மேலே தொங்குகிறது. அந்தக் காட்சிக்கு நடுநடுவே, அதே மனிதர் இறந்தபிறகு அவர் உடலை அடக்கத்துக்குத் தயார் செய்யும் ஷாட்டுகளை வெட்டிச் சேர்த்திருப்பார். செத்தபிறகுதான் அவரை மரியாதையாகத் தொடுகிறார்கள். அந்த வெட்டு ரொம்ப ஓங்கி அடித்தது மாதிரி இருக்கு என்று பின்னாளில் வைஸ்மனே சொன்னார். அதற்குப் பிறகு எந்தப் படத்திலும் அப்படிச் சுட்டிக்காட்டும் வெட்டுகளை அவர் அதிகம் வைக்கவில்லை.

மாநில அரசு நீதிமன்றம் போனது. நோயாளிகளின் அந்தரங்கம் மீறப்பட்டது, ஒப்பந்தம் மீறப்பட்டது என்று வாதம். 1968ல் ஒரு நீதிபதி பிரதிகளையே அழிக்கச் சொன்னார். 1969ல் மாநில உச்ச நீதிமன்றம் அதைத் தளர்த்தி, மருத்துவர், வழக்கறிஞர், சமூகப் பணியாளர், அந்தத் துறை மாணவர்கள் மட்டும் பார்க்கலாம் என்றது. பொதுமக்கள் பார்க்க அனுமதி கிடைத்தது 1991ல். 24 வருஷம்! இடையில் 1987ல், அதே மருத்துவமனையில் இறந்த சிலரின் குடும்பங்கள் வழக்குப் போட்டன. படத்தை மக்கள் பார்த்திருந்தால் அந்தச் சாவுகளைத் தவிர்த்திருக்கலாமோ என்ற கேள்வி அப்போது எழுந்தது.

அரசு சொன்ன அந்தரங்கக் கவலை, தன் அவமானத்தை மூடுவதற்கான போர்வை என்று சொல்லிவிடுவது சுலபம். பெரும்பாலும் அது உண்மையும்கூட. ஆனால் கேள்வி அதோடு தீரவில்லை. பூட்டிய அறையில் நிர்வாணமாக நிற்கும் ஒருவர், 'என்னை எடுக்காதே' என்று சொல்லும் நிலையில் இல்லை. அவருக்காக யார் சம்மதம் சொன்னது? அவரைப் பூட்டி வைத்திருக்கும் அதே நிறுவனம். வைஸ்மனின் வாதம், பொதுப்பணத்தில் நடக்கும் இடத்தில் நடப்பதைப் பார்க்கப் பொதுமக்களுக்கு உரிமை உண்டு என்பது. நான் அந்த வாதத்தின் பக்கம்தான். அதே சமயம், அந்த மனிதர்களின் முகம் இன்றைக்கும் திரையில் ஓடிக்கொண்டிருக்கிறது என்பதும் என்னை விடுவதில்லை. இரண்டையும் சேர்த்து வச்சுக்கிட்டுத்தான் அந்தப் படத்தைப் பார்க்க முடியும். தெருவில் தூங்கிக்கொண்டிருப்பவர் மேல் போனை நீட்டுகிற நமக்கும் இந்தக் கேள்வி பொருந்தும். நம்மிடம் பொதுநலன் என்ற வாதம்கூடப் பல சமயம் இருக்காது.

மற்றவர்கள் விஷயத்தில் அவர் வழக்கமாகச் செய்தது, எடுப்பதற்கு முன்போ முடிந்த உடனேயோ சம்மதம் கேட்டு அதை ஒலிநாடாவிலேயே பதிவு செய்வது. வேண்டாம் என்றால் எடுக்க மாட்டார்.

இன்னொரு நடைமுறை விஷயம். நாலு மணி நேரப் படத்துக்கு யார் பணம் கொடுத்தார்கள்? 1971ல் 'ஸிப்போரா ஃபிலிம்ஸ்' என்று மனைவியின் பெயரில் சொந்த நிறுவனம் தொடங்கித் தன் படங்களைத் தானே விநியோகித்தார். அந்தக் காலகட்டத்தில் நியூயார்க்கின் பொதுத் தொலைக்காட்சி நிலையத்தோடு ஐந்தாண்டு ஒப்பந்தங்களும் கிடைத்தன. இவ்வளவு நீளம்தான் இருக்கணும் என்று யாரும் அவரைக் கட்டுப்படுத்தவில்லை. 2016ல் கௌரவ ஆஸ்கர் கொடுத்தார்கள். போட்டிப் பிரிவில் ஒரு தடவைகூட வென்றதில்லை.

எதிலிருந்து பார்க்க ஆரம்பிக்கலாம்னு கேட்டா, நேராக நாலு மணி நேரத்தில் குதிக்காதீங்க. 'ஹை ஸ்கூல்' ஒன்றேகால் மணி நேரம்தான், பள்ளிக்கூடம் போன எல்லாருக்கும் புரியும். அடுத்து 1975ல் வந்த 'வெல்ஃபேர்'. நியூயார்க்கில் உதவித்தொகை அலுவலகம். தாலுகா ஆபீஸ் வரிசையில் நின்ற யாருக்கும் அந்தப் படத்துக்குத் துணையெழுத்து தேவைப்படாது. இந்த ஆவணம் கொண்டுவா, அந்த ஜன்னலுக்குப் போ, நாளைக்கு வா. ஒருவர் சொல்வதை நிரூபிக்க இன்னொரு கடிதம், அந்தக் கடிதத்தை வாங்க முதல் நிரூபணம். கடைசியில் நாள் முழுக்கக் காத்திருந்த ஒரு மனிதர் நாற்காலியில் உட்கார்ந்து, மேலே பார்த்துக் கடவுளிடம் பேச ஆரம்பிக்கிறார். பேச்சுவாக்கில், பெக்கெட் நாடகத்தில் கடைசிவரை வராமலே போகும் கோடோவை இழுக்கிறார். எழுத்தாளர் யாரும் எழுதிக்கொடுக்கவில்லை. அந்த அலுவலகத்தில், அந்த நாளில், அவரே சொன்னது. மைக் பக்கத்தில் இருந்தது.

'டிட்டிகட் ஃபாலீஸ்' பார்க்கும்போது கடைசி எழுத்துகள் வரும்வரை எழுந்துவிடாதீங்க. 1966க்குப் பிறகு அந்த நிறுவனத்தில் மாற்றங்களும் முன்னேற்றங்களும் நடந்துள்ளன என்று படத்தில் ஒரு விளக்கம் சேர்க்க வேண்டும் என்பது நீதிமன்ற உத்தரவு. வைஸ்மன் என்ன செய்தார் தெரியுமா? முதலில் ஓர் அட்டை: இப்படி ஒரு விளக்கம் சேர்க்கும்படி நீதிமன்றம் உத்தரவிட்டிருக்கிறது. அடுத்து இன்னோர் அட்டை: 1966க்குப் பிறகு மாற்றங்களும் முன்னேற்றங்களும் நடந்துள்ளன. அவ்வளவுதான். அவர் படங்களிலேயே பின்னணிக் குரலுக்குக் கிட்டத்தட்ட வந்த இடம் இதுதான்னு நினைக்கிறேன்.